தண்டோரா போடாத நாட்கள்

ஹோல்டர்பாக்,
12 மார்ச் 1889

அன்புள்ள ஓட்டிலி அக்காவுக்குத் தம்பி பங்க்ராஸ் எழுதுவது.

இங்கே நானும் ரெகினாவும் நலம். பீர் ஆலையும் நலம். அதைச் சொல்லாவிட்டால் நீ கோபித்துக்கொள்வாய். உன் இடுப்பு வலி எப்படி இருக்கிறது? ஆல்பின் அத்தான் இப்போதாவது மருந்துக்கடையைப் பூட்டிவிட்டு வேளைக்குச் சாப்பிட வருகிறாரா?

ஊர் என்னை மூன்றாவது தடவையாக மேயராக்கிவிட்டது. இந்தத் தடவை சும்மா நாற்காலியைத் தேய்க்கப் போவதில்லை, அக்கா. ஊர் முழுக்கக் குழாய் போடுகிறேன். சந்தைச் சதுக்கத்தில் ஒரு நீரூற்று, தெருவுக்கு ஒரு குழாய். நகரசபையில் இதைச் சொன்னதும் ரொட்டிக்கடை ஸெபால்ட் எழுந்து, "பீர்க்காரரு தண்ணி ஊத்தறாராமே! அப்ப இத்தன வருசமா பீப்பாயில ஊத்தினது என்னவாம்?" என்றான். சபை மொத்தமும் மேசையைத் தட்டிச் சிரித்தது. நானும் சிரித்தேன். பிறகு கை தூக்கச் சொன்னேன். ஒருத்தன் பாக்கியில்லாமல் தூக்கினார்கள்.

தண்ணீர் நம் ஆலைக்கு வருகிற அதே ஓடையிலிருந்துதான், அதே மதகிலிருந்து. அப்பா காலம் தொட்டு நாற்பது வருஷமாக அதில் பீர் காய்ச்சுகிறோம். ஒருத்தனாவது வயிற்றைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றானா? பீர் நன்றாக இருந்தால் தண்ணீர் நன்றாக இருக்கிறது என்று அர்த்தம். காய்ச்சுகிறவனுக்கு இது தெரியும், புத்தகம் படித்தவனுக்குத் தெரியாது.

மூன்று பொதுக் கிணறுகளையும் மண் போட்டு மூடச் சொல்லிவிட்டேன். குழாய் வந்தபிறகு அந்தத் தவளைக் குழிகள் எதற்கு?

ரெகினா உனக்கு முத்தம் சொல்லச் சொன்னாள். கடவுள் துணை.

உன் தம்பி,
பங்க்ராஸ்


மியூனிக்,
2 ஏப்ரல் 1889

என் அருமைத் தம்பிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. இடுப்பு வலி அப்படியேதான் இருக்கிறது, நானும் அப்படியேதான் இருக்கிறேன். மேயர் ஐயாவுக்கு வாழ்த்து. சின்ன வயதில் குளிக்கத் தண்ணீரைக் கண்டால் ஓடிப்போய் முளைகட்டிய பார்லி மால்ட் மூட்டைக்குப் பின்னால் ஒளிந்துகொண்ட பையன் ஊருக்கே தண்ணீர் கொடுக்கிறான் என்று அம்மா கேட்டிருந்தால் மூக்கில் விரலை வைத்திருப்பாள்.

உன் கடிதத்தை அத்தானுக்கு வாசித்துக் காட்டினேன். "ஓடைத் தண்ணியா? சோதிச்சுப் பாக்கச் சொல்லு, ஓட்டிலி. மொதல்ல சோதனை, அப்பறம் சொற்பொழிவு" என்றார். அவரைத்தான் உனக்குத் தெரியுமே, சூப்பைக்கூட முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் குடிப்பார். ஆனாலும் எனக்கும் ஒரு சந்தேகம். தோல் பதனிடுகிறவர்களின் சந்து மதகுக்கு மேலே இருக்கிறதா, கீழே இருக்கிறதா? மறந்துவிட்டது. அரசாங்கத்தின் சுகாதார அதிகாரியைக் கூப்பிட்டு ஒரு சீட்டு வாங்கி வைத்துக்கொள். பிறகு ஸெபால்ட் போன்றவர்கள் வாயைத் திறக்கமாட்டார்கள்.

ரெகினாவுக்குப் பதிலுக்கு இரண்டு முத்தம். நலமாக இரு.

உன் அக்கா,
ஓட்டிலி


ஹோல்டர்பாக்,
19 மே 1889

அன்பு அக்காவுக்கு,

எல்லோரும் நலம். நீயும் அத்தானும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். அத்தானிடம் சொல்லு, சீட்டு வாங்கியாகிவிட்டது! முத்திரை குத்தி, கண்ணாடி போட்டு, சபை மண்டபத்தில் மாட்டியும் ஆயிற்று.

அதிகாரியை வெள்ளிக்கிழமை வரச் சொன்னேன். அன்று காய்ச்சுகிற நாள். தண்ணீரோடு ஆலையையும் காட்டிவிடலாம் என்று ஆசை. மனிதர் வியாழன் சாயங்காலமே வந்து சத்திரத்தில் இறங்கிவிட்டார். அப்போது நம் ஹைனர் கிழவர் வழக்கம்போலத் தண்டோரா போட்டுக்கொண்டு போனார். உனக்கு நினைவிருக்கிறதா? "இதனால சகலருக்கும் அறிவிக்கிறது என்னன்னா, நாளைக்கு ஆலையில பீர் காய்ச்சு! இப்ப தொட்டு யாரும் ஓடையில ஒண்ணுக்கு ரெண்டுக்குப் போகக்கூடாது, தோல் அலசக்கூடாது, மாடு கழுவக்கூடாது! மீறினவனுக்கு அபராதம்!" அதே வார்த்தை, அதே இருமல். அதிகாரி சத்திரத்து ஜன்னலில் நின்று வயிறு குலுங்கச் சிரித்தாராம். மறுநாள் காலையில் மதகில் நான்கு சீசாவில் தண்ணீர் பிடித்தார். வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, "மேயர் ஐயா, இந்தத் தண்ணிய நான் எங்க ஊருக்கு எடுத்துட்டுப் போகலாமா?" என்றார். நேற்று அவருடைய அலுவலகத்திலிருந்து சீட்டு வந்தது. தண்ணீர் மாசற்றது.

நாளைக் காலை திறப்பு. வாத்தியக்காரர்கள் வருகிறார்கள். ரெகினா ஐம்பது வாத்து வறுக்கச் சொல்லியிருக்கிறாள். நீ இல்லாததுதான் குறை.

ஆண்டவர் உங்களைக் காக்கட்டும்.

பங்க்ராஸ்


மியூனிக்,
10 ஜூன் 1889

தம்பிக்கு,

சுகம். நீயும் சுகமாக இரு. ஹைனரின் தண்டோராவை நீ எழுதியிருந்ததைப் படித்துக் கண்ணில் நீர் வரச் சிரித்தேன். அத்தானும் சிரித்துவிட்டார், அபூர்வம். உன்னை நினைத்துப் பெருமைப்படுகிறேன், பங்க்ராஸ். இதை வாய்விட்டுச் சொல்வதில்லை, அதனால் எழுதுகிறேன்.

ரெகினாவை விசாரித்ததாகச் சொல்லு.

ஓட்டிலி


ஹோல்டர்பாக்,
24 ஜூலை 1889

அக்காவுக்கு வணக்கம்.

நாங்கள் நலம். வெயில்தான் தாங்கவில்லை. பீரில் கசப்புக்குப் போடுகிற நம் ஹாப்ஸ் கொடி இந்த வருஷம் கம்பத்தை மீறி ஏறியிருக்கிறது, நல்ல அறுவடை இருக்கும்.

ஊரில் கொஞ்சம் காய்ச்சல். கீழத்தெருவில் பதினோரு பேர் படுத்திருக்கிறார்கள். சேணம் தைக்கிற யோரின் மூத்த பெண் நேற்றுப் போய்விட்டாள், பாவம், பத்தொன்பது வயது. ஒவ்வொரு கோடையிலும் வருவதுதான். ஆனால் லைஸ்ட்னர் என்று ஒரு புது டாக்டர் வந்திருக்கிறார், மீசைகூடச் சரியாக முளைக்கவில்லை. என் அலுவலகத்துக்கே வந்து, "மேயர் ஐயா, தப்பா எடுத்துக்காதீங்க. கொழாய் போன வழியாத்தான் காய்ச்சலும் போகுது" என்றார். எனக்கு வந்த கோபத்தில் மைக்கூட்டைத் தட்டிவிட்டேன். சீட்டு சுவரில் தொங்குகிறது, வாசித்துவிட்டுப் போங்கள் என்றேன்.

ஒன்று சொல்கிறேன், கேள். ஆலையில் இருபத்து மூன்று பேர் வேலை செய்கிறார்கள். ஒருத்தருக்குத் தும்மல்கூட இல்லை. தண்ணீர் கெட்டிருந்தால் மதகுக்குப் பக்கத்திலேயே இருக்கிற எங்களுக்கல்லவா முதலில் வரவேண்டும்?

அத்தானிடம் இதையெல்லாம் பெரிதாகச் சொல்லாதே. கடவுள் துணை.

பங்க்ராஸ்


மியூனிக்,
30 ஜூலை 1889
(பதிவுத் தபால்)

பங்க்ராஸ்,

நலம் விசாரிக்க எனக்குப் பொறுமை இல்லை, மன்னித்துக்கொள். உன் கடிதத்தை மூன்று தடவை படித்துவிட்டேன். அத்தானிடமும் காட்டினேன். அவர் எழுந்துபோய்க் கடையில் உட்கார்ந்து புத்தகங்களைப் புரட்ட ஆரம்பித்துவிட்டார்.

உன் ஆலை ஆட்களுக்கு ஏன் காய்ச்சல் இல்லை என்று கேட்டிருந்தாய். அவர்கள் எப்போதடா தண்ணீர் குடித்தார்கள்? காலையில் பீர், மத்தியானம் பீர், தாகத்துக்கும் பீர். பீரை நீ மணிக்கணக்கில் கொதிக்க வைக்கிறாய். அந்தக் கொதியில் எல்லாம் செத்துப்போகிறது என்கிறார் அத்தான். நாற்பது வருஷமாக நம்மைக் காப்பாற்றியது ஓடை இல்லை, பங்க்ராஸ். அடுப்பு.

இப்போது அந்தச் சோதனைக்கு வருகிறேன். அதிகாரி வெள்ளிக்கிழமை காலையில் தண்ணீர் பிடித்தார். வியாழன் சாயங்காலமே தண்டோரா போட்டாயிற்று. ஊர் மொத்தமும் ஓடைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கட்டுப்பாடாக இருந்திருக்கும். வாரத்தில் இரண்டே நாள் காய்ச்சுகிறாய், செவ்வாயும் வெள்ளியும். மிச்ச நாளில் அந்த ஓடையில் என்னென்ன நடக்கும் என்று உனக்கும் எனக்கும் தெரியாதா? தோல் சந்து மதகுக்கு மேலேதான் இருக்கிறது. எனக்கு நன்றாக ஞாபகம் வந்துவிட்டது. அங்கே பின்கட்டுக் கழிப்பறைகள் எல்லாம் பலகை போட்டு ஓடைக்கு மேலேயே கட்டியவை. தண்டோரா போடாத நாட்களின் தண்ணீரைத்தான் நீ கீழத்தெருவுக்குக் கொடுக்கிறாய்.

உன்னை மட்டும் குற்றம் சொல்லவில்லை. நீ எழுதியதைப் படித்து நானும் சிரித்தேன். அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

முட்டாளே, நாளைக்கே மதகை மூடு. சபையைக் கூட்டாதே, யாரிடமும் கேட்காதே, மூடு. கிணறுகளைத் தோண்டச் சொல்லு. வெட்கமாக இருந்தால் இருக்கட்டும். வெட்கப்பட்டு எவனும் சாகவில்லை.

உடனே பதில் எழுது.

அக்கா


ஹோல்டர்பாக்,
11 ஆகஸ்ட் 1889

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே எல்லோரும் சௌக்கியம். ரொம்ப நாளாக உன்னிடமிருந்து கடிதமே இல்லை, உடம்பு சரியில்லையோ என்று ரெகினா கவலைப்படுகிறாள். கோடையில் தபால் தாறுமாறாகத்தான் வருகிறது.

பிளம் பழங்கள் பழுத்துவிட்டன. ரெகினா ஜாம் காய்ச்சுகிறாள். வீடெல்லாம் குளவி.

போன ஞாயிற்றுக்கிழமை ஒரு வேடிக்கை. பூசை முடிந்து ஜனங்கள் சதுக்கத்தில் நின்று குசுகுசுவென்று பேசிக்கொண்டிருந்தார்கள். அந்த லைஸ்ட்னர் தண்ணீரைப் பற்றி வீடு வீடாகப் போய்ச் சொல்லியிருக்கிறார். நான் நேராகச் சத்திரத்துக்குப் போய் ஒரு லிட்டர் பீர்க் குவளையை எடுத்து வந்தேன். நீரூற்றில் பிடித்தேன். ஸெபால்ட், "ஐயோ, மேயர் தண்ணி குடிக்கறாரு! யாராவது பாதிரியாரக் கூப்பிடுங்கப்பா!" என்று கத்தினான். ஒரே சிரிப்பு. நான் மூச்சுவிடாமல் குடித்துக் குவளையைக் கவிழ்த்துக் காட்டினேன். பிறகு எல்லோரும் வரிசையில் வந்து குடித்தார்கள், பெண்கள், குழந்தைகள் எல்லோரும். யோரும்கூட வந்தான், பெண்ணைப் பறிகொடுத்தவன். என் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க மேல சந்தேகப்பட்டுட்டேன், ஐயா" என்று அழுதான்.

வேறு விசேஷம் இல்லை. அத்தானைக் கேட்டதாகச் சொல்லு.

பங்க்ராஸ்


மியூனிக்,
14 ஆகஸ்ட் 1889

பங்க்ராஸ்,

என் கடிதம் வரவில்லையா? பதிவுத் தபாலில் அனுப்பினேன். பெற்றுக்கொண்டதற்கான சீட்டு எனக்குத் திரும்பி வந்திருக்கிறது. ஆகஸ்ட் ஒன்று என்று தேதி போட்டு, உன் கையெழுத்து. பெயருக்கு அடியில் நீ போடுகிற அந்த அசட்டுச் சுழியோடு.

என்னிடம் பொய் சொல்லு, பரவாயில்லை. எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாய். யோரின் கையை எப்படியடா பிடித்தாய்?

மதகை மூடிவிட்டேன் என்று ஒரே ஒரு வரி எழுது. வேறெதுவும் வேண்டாம்.

ஓட்டிலி


ஹோல்டர்பாக்,
26 ஆகஸ்ட் 1889

அக்கா,

உன் கடிதம் வந்தது. முன்னதும் வந்தது.

மதகை மூடினால் நாளைக் காலை ஊர் எதைக் குடிக்கும்? கிணறுகளை மூடச் சொன்னவன் நான். மூன்றிலும் இப்போது புல் முளைத்துவிட்டது. அறுவடைத் திருவிழா முடியட்டும். மாவட்ட ஆட்சியர் வருகிறார், நீரூற்றுக்காக எனக்குப் பதக்கம் என்று பேச்சு. அது முடிந்ததும் பழுதுபார்க்கிற சாக்கில் மூடிவிடுகிறேன். மூன்று வாரம் பொறு. யாருக்கும் எதுவும் தெரியவேண்டாம்.

எழுத்துக் கோணலாக இருக்கிறதே என்று நினைக்காதே. ஒரு வாரமாகத் தலைவலி. வெயிலில் ஹாப்ஸ் தோட்டத்தில் நின்றது ஒத்துக்கொள்ளவில்லை. ரெகினாவுக்குத் தெரியாது.

நான் குடித்தது ஒரு குவளைதான், அக்கா. ஒரு குவளைக்கு வருமா? அத்தானைக் கேட்டு எழுது.

பங்க்ராஸ்


ஹோல்டர்பாக்,
17 செப்டம்பர் 1889

மரியாதைக்குரிய ஓட்டிலி அண்ணிக்கு ரெகினா எழுதிக்கொண்டது.

தந்தி கிடைத்திருக்கும். உங்களுக்குக் காலில் நீர் கோத்திருப்பதாக ஆல்பின் அண்ணன் எழுதியிருந்தார், அடக்கத்துக்கு வர முடியாததை நினைத்து வருந்தாதீர்கள். உங்கள் தம்பி ஒன்பதாம் தேதி விடியற்காலையில் போனார். கடைசி நாட்களில் நினைவு இல்லை. கொதிகலன் கொதிக்கிறது, மூடியைத் திற என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

அடக்கத்துக்கு ஊரே திரண்டு வந்தது. நான் ஆலையிலிருந்து இருபது பீப்பாய் இறக்கி வைத்திருந்தேன். யாரும் தொடவில்லை. ஸெபால்ட்தான் முதலில், "பீர் வேணாம், தாயி. அவரு குடுத்த தண்ணியத்தான் குடிப்போம்" என்றான். கல்லறையிலிருந்து நேராக நீரூற்றுக்குப் போனார்கள். அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் அங்கே கூடி அவர் பெயரைச் சொல்லி ஆளுக்கு ஒரு வாய் குடிக்கிறார்கள். யோர் சொன்னார், "நம்மகூடவே குடிச்சாரு, நம்மகூடவே செத்தாரு. எந்த ஊரு மேயர் இப்படி?" டாக்டர் லைஸ்ட்னர் குறுக்கே போய் நின்றார். கல்லால் அடித்து நெற்றியைப் பிளந்துவிட்டார்கள். இப்போது படுத்திருக்கிறவர்கள் அறுபத்தெட்டுப் பேர். நீரூற்றில் அவர் பெயரைப் பொறிக்கச் சபை தீர்மானம் போட்டிருக்கிறது.

அண்ணி, இதை எப்படி எழுதுவதென்று தெரியவில்லை. நேற்று அவருடைய ஞாயிற்றுக்கிழமைக் கோட்டைத் துலக்க எடுத்தேன். உள்பையில் உங்கள் கடிதம் இருந்தது, ஜூலை முப்பதாம் தேதியிட்டது. பல தடவை பிரித்து மடித்ததில் மடிப்புகள் கிழிந்திருந்தன. அந்தக் கோட்டை அவர் பூசைக்கு மட்டும்தான் போடுவார். அந்த ஞாயிற்றுக்கிழமையும் அதைத்தான் போட்டிருந்தார், பொத்தானை நானே மாட்டிவிட்டேன். எல்லோர் முன்னாலும் நின்று குடித்தபோது உங்கள் கடிதம் அவர் நெஞ்சுக்கு மேலேயே இருந்திருக்கிறது.

இதை நான் எரித்துவிடட்டுமா? நல்லவர் என்று ஊர் அழுகிறது. நானும் அப்படி அழுதுவிட்டுப் போகக்கூடாதா? நீங்கள் சொல்கிறபடி செய்கிறேன். உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

ரெகினா


மியூனிக்,
20 செப்டம்பர் 1889

ரெகினா, என் கண்ணே,

எரிக்காதே.

எனக்கு ஐந்து வயதாக இருந்தபோது அவனைத் துணியில் சுற்றி என் மடியில் வைத்தார்கள். உனக்கு முன்னால் அவன் எனக்குத்தான் சொந்தம். அதனால் சொல்லும் உரிமை எனக்கு இருக்கிறது. அந்தக் கடிதத்தைச் சபையில் வாசி. தேதியோடு வாசி. தபால்காரரிடம் அவன் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த சீட்டையும் இதில் வைத்து அனுப்புகிறேன், அதையும் காட்டு. முட்டாளே என்று திட்டியிருக்கிறேன், அதை விட்டுவிடாதே. நான் சிரித்தேன் என்று எழுதியிருப்பதையும் வாசி.

அவன் மேல் வைத்த மரியாதையில் தினமும் சாயங்காலம் அறுபது பேர், நூறு பேர் அதைக் குடிக்கிறார்கள். அந்த மரியாதை போனால்தான் அவர்கள் பிழைப்பார்கள். வேறு வழி எனக்குத் தெரியவில்லை, அம்மா. இரண்டு நாளாக அழுகிறேன், அத்தான் கடையைத் திறக்கவில்லை.

நீ தனியாக நிற்கவேண்டி வரும். என்னால் நடக்க முடிந்திருந்தால் உன் பக்கத்தில் வந்து நின்றிருப்பேன்.

உன் அண்ணி,
ஓட்டிலி


ஹோல்டர்பாக்,
20 அக்டோபர் 1889

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் கால் வீக்கம் வடிந்திருக்கும் என்று நம்புகிறேன். எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை.

செப்டம்பர் இருபத்தைந்தாம் தேதி சபையில் வாசித்தேன். முழுவதும் வாசித்தேன். முதலில் யாரும் நம்பவில்லை. ஸெபால்ட், "புருசன் குழியில மண்ணு காயல, அதுக்குள்ள மானத்த வாங்க வந்துட்டா" என்று கத்தினான். தபால் சீட்டைக் கொடுத்தேன். அவர் போடுகிற சுழியை அவர்கள் எல்லோரும் அறிவார்கள், எத்தனை உத்தரவில் பார்த்திருக்கிறார்கள். சீட்டு கைமாறிக் கைமாறிப் போனது. யோரின் கைக்கு வந்ததும் அவர் அந்தச் சுழியை விரலால் தடவிப் பார்த்தார். பிறகு மடியில் வைத்துக்கொண்டு, "என் கையப் புடிச்சாரே" என்றார். எனக்கு அவர் திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது.

மூடுவதா வேண்டாமா என்று அவர்கள் தீர்மானிக்கும்வரை நான் காத்திருக்கவில்லை. மதகு நம் ஆலை நிலத்தில் இருக்கிறது, சாவி என் இடுப்பில் இருந்தது. நேராகப் போய் மூடினேன். திருகு துருப்பிடித்திருந்ததால் அதில் இரண்டு கையாலும் தொங்கவேண்டி இருந்தது. அன்று இரவு வீட்டு ஜன்னல் ஒன்று விடாமல் உடைத்தார்கள்.

பீர் காய்ச்சுவதை நிறுத்திவிட்டேன். ஆட்களில் பன்னிரண்டு பேர் வேலையை விட்டுப் போய்விட்டார்கள். மீதிப் பேரோடு நானும் நின்று, ஓடையில் வாளியால் மொண்டு வந்து, பெரிய கொதிகலனில் வெறும் தண்ணீரைக் காய்ச்சுகிறேன். மால்ட் இல்லை, ஹாப்ஸ் இல்லை. ஒரு மணி நேரம் கொதிக்கவிட்டு ஆறவைத்து ஆலை வாசலில் ஊற்றிக் கொடுக்கிறோம். மேலத்தெருக் கிணற்றைத் தோண்டிக்கொண்டிருக்கிறார்கள், பனிக்கு முன் முடியுமா தெரியவில்லை. அவர் படத்தைச் சபையிலிருந்து இறக்கிவிட்டார்கள். என்னிடம் கொடுத்தனுப்பவும் இல்லை.

காலையில் வாளியோடு வரிசையில் வருகிறார்கள். ஸெபால்ட் வருகிறான், யோர் வருகிறார். வாளியை நீட்டுகிறார்கள், நான் ஊற்றுகிறேன், தலையைக் குனிந்துகொண்டு போய்விடுகிறார்கள்.

மூடியபிறகும் இரண்டு வாரம் காய்ச்சல் வந்துகொண்டுதான் இருந்தது. அதற்கு முன் குடித்தவர்கள் என்றார் டாக்டர். இப்போது பத்து நாளாகப் புதிதாக ஒருவருக்கும் இல்லை. பத்து நாளாக என்னிடம் ஒருவரும் பேசவும் இல்லை.

ரெகினா